பேனலில் பெயர் வருவதற்கு முன்னால்

தமிழ்நாட்டு அரசுப் பள்ளிகளில் பதவி உயர்வு எப்படி வருகிறது என்று வேலைக்குப் புதிதாக வரும் பிள்ளைகள் கேட்டால், 'சீனியாரிட்டிப்படி வரும்' என்று ஒரே வரியில் சொல்லிவிடுகிறோம். 1990-களின் கடைசியில் நான் ஒன்றியப் பள்ளியில் இடைநிலை ஆசிரியராகச் சேர்ந்தபோது எனக்கும் அப்படித்தான் சொன்னார்கள். இன்று பட்டதாரி ஆசிரியராக இருக்கிறேன். என்னோடு ஒரே நாளில் பணி ஆணை வாங்கியவர்களில் ஒருவர் நடுநிலைப் பள்ளித் தலைமையாசிரியர். இன்னொருவர் டி.ஆர்.பி. (ஆசிரியர் தேர்வு வாரியம்) நடத்தும் தேர்வு எழுதி முதுகலை ஆசிரியராகப் போய்விட்டார். மற்றொருவர் சேர்ந்த அதே பதவியில்தான் இன்னமும் இருக்கிறார். எங்கள் நால்வரில் வகுப்பறையில் அதிகம் உழைத்தவர் யார் என்றால் அந்தக் கடைசி ஆளைத்தான் கைகாட்டுவேன். பதவி உயர்வுக்கான பெயர்ப் பட்டியலான பேனல் போடும்போது அதைக் கேட்பவர் யாரும் இல்லை.

பலர் குழப்பிக்கொள்ளும் விஷயம் ஒன்று உண்டு. எத்தனை வருடம் வேலை பார்த்தோம் என்பது சர்வீஸ். பணிமூப்பு, முன்னுரிமை என்றெல்லாம் எழுதும் சீனியாரிட்டி என்பது ஒரு பட்டியலில் நம் பெயர் எத்தனையாவது வரிசையில் இருக்கிறது என்பது. எந்தப் பதவியின் பட்டியல், எந்த அலகின், அதாவது எந்தப் பகுதிக்குள் போட்ட பட்டியல், எந்தத் தேதி நிலவரப்படி போட்ட பட்டியல் என்று மூன்று கேள்விக்கும் பதில் தெரிந்தால்தான் அந்த இடம் எதுவென்று தெரியும். மூன்றில் ஒன்று மாறினாலும் இருபது வருட சர்வீஸ்காரர் ஐந்து வருடக்காரருக்குக் கீழே போய்விடுவார்.

அலகு விஷயத்தை என் கதையிலிருந்தே சொல்கிறேன். தொடக்கக் கல்வித் துறையில் நீண்ட காலமாக ஊராட்சி ஒன்றியம்தான் அலகாக இருந்தது. ஒன்றியத்துக்குள்தான் முன்னுரிமை, ஒன்றியத்துக்குள்தான் பதவி உயர்வு. நான் முதலில் வேலை பார்த்த ஒன்றியத்தில் நடுநிலைப் பள்ளிகள் குறைவு. பட்டதாரி ஆசிரியர் பணியிடம் காலியாவதே அபூர்வம். சாலைக்கு அந்தப் பக்கம் இருந்த ஒன்றியத்தில் நடுநிலைப் பள்ளிகள் அதிகம், ஓய்வு பெறுபவர்களும் அதிகம். எனக்கு இரண்டு ஆண்டுகள் கழித்து அங்கே பணியில் சேர்ந்தவர் எனக்கு முன்னால் பட்டதாரி ஆசிரியர் ஆனார். அவருடைய பட்டமும் என் பட்டமும் ஒன்றுதான், பல்கலைக்கழகம்கூட ஒன்றுதான். வித்தியாசம் நடுவில் ஓடிய சாலை மட்டுமே.

அப்புறம் கல்யாணம், குழந்தை. கணவர் வேலை பார்த்த ஊர்ப்பக்கம் ஒன்றியம் விட்டு ஒன்றியம் மாறுதல் கேட்டேன். சொந்த விருப்பத்தில் போகும் மாறுதல் என்றால் பழைய ஒன்றியத்தின் முன்னுரிமை போய்விடும், புதிய ஒன்றியத்தில் கடைசிப் பெயராக எழுதுவார்கள். 'முன்னுரிமையை இழக்கச் சம்மதிக்கிறேன்' என்று உறுதிமொழி எழுதிக் கொடுத்துவிட்டுத்தான் போனேன். தெரிந்தே எடுத்த முடிவு. கைக்குழந்தையோடு தினமும் இரண்டு பேருந்து மாறுவதைவிடப் பட்டியலில் கீழே இருப்பது பரவாயில்லை என்றுதான் அப்போது தோன்றியது, இப்போதும் அப்படியேதான் நினைக்கிறேன். ஆனால் பேனல் நகல் வந்து, என்னைவிட ஏழெட்டு வயது சின்னவர்களுக்குக் கீழே என் பெயரைப் பார்த்தபோது கொஞ்சம் சுருக்கென்றது. மாறுதல் கேட்கப்போகிறவர்கள் அந்த உறுதிமொழித் தாளில் கையெழுத்துப் போடுவதற்கு முன் ஒரு வேலை செய்யலாம். போகிற இடத்தின் முன்னுரிமைப் பட்டியலை வாங்கி, அடுத்த ஐந்து ஆண்டுகளில் அங்கே யார் யார் ஓய்வு பெறுகிறார்கள் என்று எண்ணிப் பார்க்கலாம். பிறந்த தேதி பட்டியலிலேயே இருக்கும். கடைசிப் பெயராகப் போனாலும் காலியிடம் வேகமாக விழும் இடம் என்றால் நட்டம் பெரிதில்லை. எனக்கு அப்படித்தான் ஆனது. புதிய ஒன்றியத்தில் ஒரே சமயத்தில் நிறையப் பேர் ஓய்வு பெற்றதால் 2010 வாக்கில் பட்டதாரி ஆசிரியர் பதவி உயர்வு வந்துவிட்டது. பழைய இடத்திலேயே இருந்திருந்தால் வந்திருக்காது.

இப்போது சேர்பவர்களுக்கு இந்தக் கணக்கு மாறிவிட்டது. 2023 டிசம்பரில் வந்த அரசாணை 243, ஒன்றிய அளவிலான முன்னுரிமையை எடுத்துவிட்டு மாநில அளவிலான முன்னுரிமையைக் கொண்டுவந்தது. தொடக்கக் கல்வி ஆசிரியர் சங்கங்களின் கூட்டமைப்பான டிட்டோஜாக் அதை ரத்து செய்யச் சொல்லித் திரும்பத் திரும்பப் போராடியது. எனக்கு இதில் இரண்டு மனம் உண்டு. பக்கத்து ஒன்றியத்தில் பிறந்த அதிர்ஷ்டத்தால் ஒருவர் முந்துவது மாநிலப் பட்டியலில் நடக்காது, அது நியாயம்தான். ஆனால் தொடக்கப் பள்ளிகளில் பெண்கள்தான் அதிகம். பதவி உயர்வு வேண்டுமென்றால் முந்நூறு கிலோமீட்டர் போ என்றால், எத்தனை பேர் குடும்பத்தை விட்டுப் போவார்கள்? பட்டியலில் மேலே இருந்தும் 'வேண்டாம்' என்று எழுதிக் கொடுப்பவர்கள் பெருகுவார்கள். சின்ன ஒன்றியத்தில் முதல் மூன்று பேருக்குள் காத்திருந்தவர்கள் மாநிலப் பட்டியலில் ஆயிரங்களுக்குப் பின்னால் போன வருத்தமும் சாதாரணமானதல்ல.

அடுத்தது பதவி. ஒவ்வொரு பதவிக்கும் பட்டியல் புதிதாகத் தொடங்குகிறது. இடைநிலை ஆசிரியராக எத்தனை ஆண்டு இருந்தாலும், பட்டதாரி ஆசிரியர் பட்டியலில் உங்கள் இடத்தை முடிவு செய்வது பட்டதாரி ஆசிரியராக ஆன தேதிதான். எங்கள் பள்ளியில் ஓர் அக்கா இருந்தார். பல ஆண்டுகள் இடைநிலை ஆசிரியர், 2014 வாக்கில் பட்டதாரி ஆசிரியர் ஆனார். அவருக்கு முன்பே, 2012-இல் டெட் (ஆசிரியர் தகுதித் தேர்வு) தேறி நேரடி நியமனத்தில் வந்த ஒரு பெண்ணும் அங்கே இருந்தாள், அக்காவின் மகள் வயதுதான் இருக்கும். தலைமையாசிரியர் விடுப்பில் போனால் பொறுப்பு அந்தப் பெண்ணுக்கு. 'கண்ணு, நீதான் சீனியர், நீ போட்டாத்தான் செல்லும்' என்று அக்கா வருகைப் பதிவேட்டை அவள் பக்கம் தள்ளுவார். அவள் நெளிவாள். அக்கா அதைச் சிரிப்பாக எடுத்துக்கொண்டார், எல்லோராலும் அது முடியாது. ஆசிரியர் அறையில் பேச்சுவார்த்தையே நின்றுபோன பள்ளிகளையும் பார்த்திருக்கிறேன்.

ஒரே தொகுதியாகத் தேர்வானவர்களுக்குள் யார் முதலில் பணியில் சேர்ந்தார் என்பதை வைத்து முடிவு செய்வதில்லை, டி.ஆர்.பி. தரவரிசைதான் கணக்கு. கலந்தாய்வு முடிந்த மறுநாளே ஓடிப்போய்ச் சேர்ந்தால் சீனியர் ஆகிவிடலாம் என்று நினைப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அதேபோல் தேர்வாணையப் பட்டியலில் இடஒதுக்கீட்டுக்கான இனச்சுழற்சி எண் மேலே இருப்பதால் பணிமூப்பு வராது, தேர்வில் பெற்ற தரவரிசைப்படிதான் வரும் என்பதும் 2020 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் வரை போய் உறுதியாகிவிட்டது. மாதம் ஒரு நிலையான தொகை மட்டும் தரும் தொகுப்பூதியத்தில் வந்தவர்களின் வருத்தம் தனி. இடைநிலை ஆசிரியருக்கு மாதம் 3,000 ரூபாய், பட்டதாரிக்கு 4,000, முதுகலைக்கு 4,500 என்று சேர்ந்தவர்கள் 2006 ஜூன் 1 அன்றுதான் காலமுறை ஊதியத்துக்கு வந்தார்கள். அதற்கு முன் பாடம் நடத்திய நாட்கள் பிள்ளைகளின் நினைவில் இருக்கின்றன, முறையான பணிக்காலக் கணக்கில் இல்லை.

பட்டியலில் உங்கள் இடம் தவறாக இருந்தால் பேசாமல் இருக்காதீர்கள். பணிமூப்பைத் திருத்தக் கேட்க மூன்று ஆண்டு வரம்பு என்பது பழைய பொது விதிகளிலிருந்தே இருப்பது. 'பதவி உயர்வு வரும்போது பார்த்துக்கொள்ளலாம்' என்று பத்து ஆண்டு கழித்துப் போய் நின்றால், மனுவைப் படிக்காமலே திருப்பி அனுப்ப அலுவலகத்துக்கு ஒரு காரணம் தயாராக இருக்கும்.

சரி, தகுதிக்கு வருவோம். பட்டம் வாங்குவது பாதி வேலை. அந்தப் பட்டம் பணிப்பதிவேட்டில் ஏறுவது மீதி வேலை, பேனலுக்குப் போவது அதுதான். பணிப்பதிவேட்டை நாம் எல்லோரும் எஸ்.ஆர். என்றுதான் சொல்கிறோம். ஜனவரி 1 நிலவரப்படி பட்டியல் தயாரிக்கும்போது அலுவலகத்தில் இருப்பவர் நம் முகத்தைப் பார்ப்பதில்லை, எஸ்.ஆரைத்தான் பார்க்கிறார்.

எங்கள் ஒன்றியத்தில் ஒரு டீச்சருக்கு நடந்ததைச் சொல்கிறேன். பி.எட். முடித்து, சான்றிதழ் கொடுத்து, பதிவும் ஆகிவிட்டது என்று நிம்மதியாக இருந்தார். உத்தேச முன்னுரிமைப் பட்டியல் வந்தது, அவர் பெயர் இல்லை. போய் எஸ்.ஆரைப் புரட்டினால், பக்கத்தில் பி.எட். பதிவு அழகான கையெழுத்தில் இருக்கிறது. பல்கலைக்கழகத்தின் பெயர், தேர்ச்சி பெற்ற மாதம், ஆண்டு, சான்றிதழ் எண் எல்லாம் இருக்கிறது. அதன் கீழே முத்திரையும் இருக்கிறது. முத்திரைக்கு மேலே அலுவலர் கையொப்பம் போட வேண்டிய இடம் மட்டும் வெறுமையாக இருக்கிறது. எழுதிய எழுத்தர் வேறு பிரிவுக்குப் போய்விட்டார், கையெழுத்துப் போட வேண்டிய அலுவலர் வேறு மாவட்டத்துக்கே போய்விட்டார். கையொப்பம் இல்லாத பதிவு இல்லாத பதிவுதான். நல்லவேளையாக ஆட்சேபம் தெரிவிக்கக் கொடுத்த நாட்கள் முடியவில்லை. அசல் சான்றிதழ்களோடு போய் அப்போதைய அலுவலரிடம் மறுபடி சரிபார்த்துக் கையொப்பம் வாங்கி, இறுதிப் பட்டியலில் சேர்த்துக்கொண்டார். அவர் அந்த வாரம் சாப்பிட்டாரா என்பதுகூடச் சந்தேகம்.

அதனால் ஆண்டுக்கு ஒருமுறை எஸ்.ஆரைக் கேட்டு வாங்கிப் பார்த்துவிடுங்கள். ஆண்டு ஊதிய உயர்வு பதிவாகும் சமயத்தில் கேட்டால் யாரும் முகம் சுளிக்க மாட்டார்கள். பதிவின் எழுத்தை மட்டும் பார்க்காதீர்கள், ஒவ்வொரு பதிவின் கீழும் கையொப்பம் இருக்கிறதா என்று பாருங்கள். பணிவரன்முறை ஆணை, தகுதிகாண் பருவம் முடித்த ஆணை இரண்டும் ஏறியிருக்கின்றனவா என்பதையும். இந்த இரண்டும் இல்லாமல் பேனலுக்குத் தகுதியே வராது, ஆனால் வேலையில் சேர்ந்து ஆறேழு ஆண்டாகியும் தகுதிகாண் பருவ ஆணை வாங்காதவர்கள் எல்லா ஒன்றியத்திலும் இருக்கிறார்கள். எஸ்.ஆர். இப்போது கணினிக்குப் போய்விட்டதே என்று நினைக்க வேண்டாம். காகிதத்தில் விடுபட்டது கணினியில் தானாக முளைக்காது.

சான்றிதழ் போலி இல்லை என்று உறுதி செய்யும் உண்மைத்தன்மைச் சான்று இன்னொரு இழுவை. பத்தாம் வகுப்பு, பன்னிரண்டாம் வகுப்புச் சான்றிதழ்கள் என்றால் அரசுத் தேர்வுகள் இயக்ககத்துக்குப் போகும். பட்டம் என்றால் அந்தந்தப் பல்கலைக்கழகத்துக்குப் போகும், கட்டணம் கட்டிக் காத்திருக்க வேண்டும். பதில் வர மாதக்கணக்கில் ஆகலாம். பதவி உயர்வு நெருங்கும்போது அனுப்பிக்கொள்ளலாம் என்று வைத்திருந்தால், எல்லோரும் அதே சமயத்தில் அனுப்புவார்கள். பட்டம் கைக்கு வந்த அதே மாதத்தில் அனுப்பச் சொல்லிக் கடிதம் கொடுத்துவிடுவது நல்லது.

உயர்கல்வி படிக்க முன் அனுமதி வாங்க வேண்டும் என்பது எல்லோருக்கும் தெரியும். சேர்க்கைத் தேதிக்கு முன்னால் அனுமதி இருக்கிறதா என்பதைத்தான் பிறகு துருவுவார்கள். அனுமதி ஆணை வரத் தாமதமானால், விண்ணப்பித்ததற்கான அத்தாட்சியாவது கையில் இருக்க வேண்டும். என் விண்ணப்ப நகல்கள் எல்லாவற்றிலும் அலுவலக வரவு முத்திரையும் தேதியும் வாங்கி வைத்திருக்கிறேன். 'எதுக்கு டீச்சர் இதெல்லாம், நாங்க என்ன தொலைச்சிடவா போறோம்' என்று கேட்ட எழுத்தரே பின்னாளில் ஒருமுறை என் நகலை வாங்கிக் கோப்பில் வைத்தார்.

எந்தப் பட்டம் செல்லும், எது செல்லாது என்பதில்தான் நிறையப் பேர் பணத்தையும் ஆண்டுகளையும் இழந்திருக்கிறார்கள். பத்து, பன்னிரண்டு, பிறகு மூன்றாண்டுப் பட்டம் என்ற வரிசையில் படித்திருக்க வேண்டும். பன்னிரண்டாம் வகுப்பு இல்லாமல் திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் நேரடியாக வாங்கிய பட்டம் அரசுப் பணிக்கும் பதவி உயர்வுக்கும் ஏற்கத்தக்கதல்ல என்று 2009 ஆகஸ்டில் அரசாணை 107 வந்தது. இரட்டைப் பட்டம் என்று ஒன்று அமோகமாக ஓடிய காலமும் உண்டு. ஏற்கெனவே ஒரு பட்டம் வைத்திருப்பவர் ஒரே ஆண்டில் வேறு பாடத்தில் இன்னொரு பட்டம் வாங்கிவிடலாம். கணித ஆசிரியருக்குக் கணிதத்தில் காலியிடம் இல்லை, ஆங்கிலத்தில் இருக்கிறது என்றால் ஓராண்டில் ஆங்கிலப் பட்டம். அதை வைத்துப் பதவி உயர்வு கேட்டபோது வழக்கு வந்தது, அந்த வழக்கால் அத்தனை பேருடைய பதவி உயர்வும் நின்றது, கடைசியில் ஓராண்டுப் பட்டம் மூன்றாண்டுப் பட்டத்துக்குச் சமமல்ல என்று சென்னை உயர் நீதிமன்றம் சொல்லிவிட்டது. கட்டணம் வாங்கிய பல்கலைக்கழகம் படிப்பைக் கற்றுக்கொடுத்தது, செல்லுமா என்பதற்கு அது உத்தரவாதம் தரவில்லை. வேறு மாநிலப் பல்கலைக்கழகம் இங்கே படிப்பு மையம் வைத்து நடத்தும் படிப்புகளும், ஒரே கல்வியாண்டில் இரண்டு படிப்பு முடித்த சான்றிதழ்களும் இதே வகைத் தொல்லையைத் தந்திருக்கின்றன. பணம் கட்டும் முன், அதே படிப்பை அதே பல்கலைக்கழகத்தில் முடித்து அண்மையில் பதவி உயர்வு பெற்ற ஒருவரைத் தேடிப்பிடித்துக் கேளுங்கள். விளம்பரத்தைவிட அவருடைய ஆணை நகல் நம்பத்தகுந்தது.

உயர்நிலை, மேல்நிலைப் பள்ளிகளில் இருப்பவர்களுக்குப் பாடப் பொருத்தம் முக்கியம். முதுகலை ஆசிரியர் பணியிடங்களில் பாதி நேரடி நியமனத்துக்கும் பாதி பட்டதாரி ஆசிரியர்களின் பதவி உயர்வுக்கும் போகிறது. அந்தப் பதவி உயர்வுப் பாதியிலும் இளங்கலை, முதுகலை இரண்டையும் ஒரே பாடத்தில் முடித்தவர்களுக்குத்தான் பெரும்பங்கு. இளங்கலையில் ஒன்று, முதுகலையில் வேறொன்று என்று கிராஸ் மேஜர் ஆனவர்களுக்குச் சின்னப் பங்கு. எளிதாக இருக்கிறது என்பதற்காக வேறு பாடத்தில் எம்.ஏ. போட்டவர்கள், பட்டியலில் சீனியராக இருந்தும் ஒரே பாடக்காரர்கள் கடந்து போவதைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டியதுதான்.

பதவி உயர்வு வராவிட்டாலும் படித்ததற்கு ஊக்க ஊதியமாவது வரும் என்ற தைரியத்தில் எங்கள் தலைமுறை படித்தது. வாழ்நாளில் இரண்டு முறை, ஒவ்வொரு முறையும் இரண்டு ஊதிய உயர்வு. 2020 மார்ச் 10 தேதியிட்ட அரசாணையோடு அது முடிந்துபோனது. அதே ஆண்டு மே மாதத்தில் ஓய்வு வயது 58-லிருந்து 59 ஆனது, அடுத்த ஆண்டு 60 ஆனது. ஓய்வு பெற வேண்டியவர்களுக்கு அது நல்ல செய்தி. பேனலில் முதல் பெயராகக் காத்திருந்தவருக்கு, காலியாக வேண்டிய நாற்காலி இரண்டு ஆண்டு காலியாகவில்லை.

என் நாத்தனார் உதவிபெறும் பள்ளி ஒன்றில் வேலை பார்க்கிறார். அங்கே கதை வேறு. 1974-ஆம் ஆண்டுத் தனியார் பள்ளி விதிகளில், பதவி உயர்வு தகுதியையும் திறமையையும் வைத்துத்தான், அவை ஏறக்குறையச் சமமாக இருந்தால் மட்டும் பணிமூப்பைப் பார்க்க வேண்டும் என்று இருந்தது. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. திறமையை அளப்பது யார்? பள்ளி நிர்வாகம். அவருடைய பள்ளியில் தலைமையாசிரியர் பதவிக்கு மூத்தவரை விட்டுவிட்டு நாலாவது இடத்தில் இருந்தவரைப் போட்டபோது, காரணமாக எழுதியது 'நிர்வாகத் திறன்' என்ற ஒரே சொல். இதைக் கேட்ட பிறகு அரசுப் பள்ளியின் மொட்டைப் பணிமூப்பு முறைமீது எனக்கு மரியாதை கூடியது. அது உழைப்பைப் பார்ப்பதில்லைதான். ஆனால் யார் வீட்டுக்கு யார் பழக்கூடை கொண்டுபோனார் என்பதையும் பார்ப்பதில்லை. உதவிபெறும் பள்ளியில் இருப்பவர்கள் தங்கள் தேர்ச்சி விழுக்காடு, பயிற்சிச் சான்று, பாராட்டுக் கடிதம் எல்லாவற்றையும் தேதியோடு சேர்த்து வைப்பது அவசியம். மேல்முறையீடு என்று போனால் பேசப்போவது அந்தத் தாள்கள்தான்.

துறைத் தேர்வுகளைப் பற்றி நீட்டி முழக்க ஒன்றும் இல்லை. தலைமையாசிரியர் அல்லது அலுவலர் பதவியை நினைப்பவர்கள், தேர்வாணையம் மே, டிசம்பர் என்று ஆண்டுக்கு இரண்டு முறை நடத்தும்போது எழுதி முடித்துவிட வேண்டும். முப்பது வயதில் அரை மணி நேரத்தில் பிடிபடும் கணக்குத் தேர்வு விதி, ஐம்பது வயதில் மூன்று முறை படித்தாலும் நழுவும். ஒழுங்கு நடவடிக்கை பற்றியும் ஒரு வரி: பதினேழு பி என்கிற கடும் குற்றச்சாட்டுக் குறிப்பாணை நிலுவையில் இருந்தால், சீனியாரிட்டியும் தகுதியும் எவ்வளவு சரியாக இருந்தாலும் பெயர் பேனலில் ஏறாமல் நிற்கும். நிலுவையை முடிக்கச் சொல்லி எழுத்தில் கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும். பதவி உயர்வு நம் உரிமை இல்லை, ஆனால் அதற்குப் பரிசீலிக்கப்படுவது உரிமை. மனுவில் அந்தச் சொல்லைப் பயன்படுத்துங்கள்.

பதவி உயர்வு வந்தால் எடுத்துத்தான் ஆக வேண்டுமா? இதைக் கணக்குப் போட்டுப் பார்க்காமல் மகிழ்ச்சியில் சேர்ந்துவிட்டு அப்புறம் வருந்துபவர்கள் உண்டு. ஒரே பதவியில் பத்து ஆண்டில் தேர்வு நிலை, இருபது ஆண்டில் சிறப்பு நிலை என்று உயர்ந்த ஊதிய நிலை வந்துவிடுகிறது. சிறப்பு நிலையும் வாங்கிய ஒருவருக்குப் பதவி உயர்வில் கூடுவது பெரும்பாலும் ஓர் ஊதிய உயர்வு அளவுதான். அதற்குள்ளேயே பேருந்துச் செலவு, வாடகை எல்லாம் போய்விடும். வேண்டாம் என்றால் தற்காலிகமாக உரிமை விடல் எழுதிக் கொடுக்கலாம், ஆனால் மூன்று ஆண்டுக்குத் திரும்பக் கேட்க முடியாது. ஓய்வுக்கு நாலு ஆண்டு இருக்கும்போது கொடுப்பதும் பன்னிரண்டு ஆண்டு இருக்கும்போது கொடுப்பதும் ஒன்றல்ல. எடுத்துக்கொள்வதாக இருந்தால், ஊதிய நிர்ணயத்தைப் பதவி உயர்வு நாளிலா, அடுத்த ஆண்டு ஊதிய உயர்வு நாளிலா என்று தெரிவு கொடுக்கும் தாளைச் சேர்ந்த உடனே கேட்டு வாங்குங்கள். பின்னால் சேர்ந்த இளையவர் நம்மைவிடக் கூடுதலாக வாங்குகிறார் என்று முரண்பாட்டு மனு எழுதுபவர்களில் பாதிப் பேர் இந்தத் தாளைக் கவனிக்காதவர்கள்.

இத்தனைக்கும் மேலே இப்போது டெட் வந்து உட்கார்ந்திருக்கிறது. 2010 ஆகஸ்டில் தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம் அறிவிக்கை வெளியிட்டபோது, புதிதாக வருபவர்களுக்குத்தான் இது என்று நாங்கள் இருந்தோம். 2023 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம், பழைய இடைநிலை ஆசிரியர்கள் பணியில் தொடரலாம், ஆனால் பட்டதாரி ஆசிரியராகப் பதவி உயர்வு வேண்டுமென்றால் டெட் தேறியிருக்க வேண்டும் என்றது. அதோடு தொடக்கக் கல்வியில் பேனல் பேச்சே தள்ளித் தள்ளிப் போனது. 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் இன்னும் ஒரு படி போனது. ஓய்வுக்கு ஐந்து ஆண்டுக்கு மேல் இருப்பவர்கள் இரண்டு ஆண்டுக்குள் தேற வேண்டும், இல்லாவிட்டால் பணியே போகும். ஐந்து ஆண்டுக்குள் ஓய்வு பெறுபவர்கள் தேறாமலே தொடரலாம், ஆனால் பதவி உயர்வு கேட்க முடியாது.

கால் நூற்றாண்டு பாடம் நடத்தியவரிடம் 'நீ கற்பிக்கத் தகுதியானவரா' என்று 150 கொள்குறி வினாக்களை வைத்துக் கேட்பது எனக்கு இன்னமும் ஒப்பவில்லை. சங்கக் கூட்டத்தில் இதைச் சத்தமாகவே சொன்னேன். சொல்லிவிட்டுப் புத்தகமும் வாங்கினேன். நான் ஆங்கில ஆசிரியர். இரண்டாம் தாளில் குழந்தை வளர்ச்சி 30, தமிழ் 30, ஆங்கிலம் 30 போக, மீதி 60 மதிப்பெண் கணிதம்-அறிவியலிலோ சமூக அறிவியலிலோதான். ஆங்கில ஆசிரியருக்கு 60 மதிப்பெண்ணை முடிவு செய்வது விஜயநகரப் பேரரசும் வளிமண்டல அடுக்குகளும். ஆறு முதல் பத்து வரை சமூக அறிவியல் பாடநூல்களை எங்கள் பள்ளி சமூக அறிவியல் ஆசிரியரிடமே வாங்கி, மதிய இடைவேளையில் அவரிடமே சந்தேகம் கேட்கிறேன். என்னிடம் அவருக்கு ஆங்கிலப் பகுதியில் சந்தேகம். தனியாகப் படிப்பதைவிட, பாடங்களை மாற்றிக்கொண்டு ஒரே பள்ளியில் மூன்று நாலு பேர் சேர்ந்து படிப்பது பலன் தருகிறது. குழந்தை வளர்ச்சியில் நமக்கு அனுபவம் இருக்கிறதே என்று விட்டுவிடாதீர்கள். அதில் கேட்பது பியாஜே, வைகாட்ஸ்கி போன்ற உளவியலாளர்கள் சொன்னது, நாம் வகுப்பில் பார்த்தது அல்ல. சான்றிதழ் இப்போது ஆயுள் முழுவதும் செல்லும் என்பதால் 2012, 2013-இல் தேறி எங்கேயோ வைத்திருப்பவர்கள் முதலில் அதைத் தேடி எடுத்து, எஸ்.ஆரில் பதிவு செய்து, பதிவின் கீழே கையொப்பம் வாங்கிவிடுங்கள்.